மாசியில் வந்த ஐப்பசி

மணலிக்கட்டளைக்கு அந்த வருடம் ஐப்பசி வரவில்லை.

புரட்டாசி முப்பதாம் தேதி எல்லா ஊரையும் போலப் படுத்த ஊர்தான். விடிந்து எழுந்தபோது கார்த்திகை ஒன்றாம் தேதியாக இருந்தது. காலண்டரில் தாள் கிழிக்கப் போனவர்கள் புரட்டாசித் தாளுக்கு அடியில் கார்த்திகைத் தாள் இருப்பதைப் பார்த்து அச்சகத்துக்காரன் தூங்கிவிட்டான் என்று நினைத்தார்கள். செல்போனை எடுத்துப் பார்த்தவர்கள் அதுவும் அக்டோபர் பதினேழிலிருந்து நவம்பர் பதினேழுக்குத் தாவியிருப்பதைப் பார்த்து டவர் கோளாறு என்று நினைத்தார்கள். பால் கேனைச் சைக்கிளில் கட்டிக்கொண்டு பாலத்தைத் தாண்டிப் போனவர்கள், அடுத்த ஊர்த் தெருவில் தீபாவளிப் பட்டாசுக் காகிதம் வெளுத்துப் போய்க் கிடப்பதைப் பார்த்துவிட்டு வந்து சொன்ன பிறகுதான் விஷயம் ஊருக்குப் புரிந்தது. எல்லா ஊருக்கும் வந்த ஐப்பசி இந்த ஊருக்கு மட்டும் வரவில்லை.

இதில் யாருக்கும் பெரிய ஆச்சரியமில்லை. ஏழெட்டு வருடமாகவே ஐப்பசியின் போக்கு சரியில்லாமல்தான் இருந்தது. ஒரு வருடம் பதினைந்து நாள் பிந்தி வந்தது, ஒரு வருடம் முப்பது நாள் மழையையும் இரண்டே நாளில் கொட்டிவிட்டு மிச்ச நாளெல்லாம் வெயிலாகக் காய்ந்தது, ஒரு வருடம் புயலைக் கூட்டிக்கொண்டு வந்து தென்னையெல்லாம் சாய்த்துவிட்டுப் போனது, போன வருடம் வெறுங்கையை வீசிக்கொண்டு வந்து அப்படியே திரும்பிப் போனது. அப்படிப்பட்ட மாதம் ஒரு வருடம் ஒரேயடியாக வராமல் போனதை, சொல்லாமல் கொள்ளாமல் வேலைக்கு வராமல் நின்றுவிட்ட ஆளைப் பற்றிப் பேசுவதைப் போலத்தான் ஊர் பேசிக்கொண்டது.

ரேஷன் கடையில் ஐப்பசி அரிசி போனது போனதுதான் என்றார்கள். ஐப்பசியில் திவசம் கொடுக்க வேண்டியவர்கள் கார்த்திகையில் கொடுத்தார்கள், காக்கை வந்து எடுத்தது. பவுர்ணமிக்குச் சிவன் கோயிலில் சாத்த வேண்டிய அன்னம் அந்த வருடம் சாத்தப்படவில்லை. ஐப்பசியில் பிறந்தவர்களுக்கு ஒரு வயது ஏறாமல் நின்றதில் சிலருக்கு உள்ளூரச் சந்தோஷம்கூட இருந்தது. தீபாவளிக்கு ஊருக்கு வரக் கிளம்பிய, திருப்பூரில் வேலை பார்க்கிற பிள்ளைகள், பாலத்தடியில் இறங்க நினைத்து ஏதோ ஞாபகத்தில் அடுத்த நிறுத்தத்தில் இறங்கி, எதற்கு வந்தோம் என்று தெரியாமல் திரும்பிப் போனதாகச் சொன்னார்கள். எல்லாவற்றுக்கும் ஒரு வழி இருந்தது. இரண்டுக்குத்தான் வழி இல்லை. ஒன்று, வயலில் விதைத்து இருபத்தைந்து நாள் பயிராக நின்ற நெல். இன்னொன்று, தையல்நாயகியின் வயிற்றில் இருந்த பிள்ளை.

தையல்நாயகி கலியமூர்த்தியின் மனைவி. கல்யாணமாகி ஆறு வருடம் கழித்துத் தரித்த வயிறு. ஐப்பசி பன்னிரண்டு என்று நாள் குறித்துக் கொடுத்திருந்தார்கள். வளைகாப்பு முடிந்து கை நிறையக் கண்ணாடி வளையலோடு படுத்தவள் கார்த்திகையில் எழுந்தாள். வலியும் வரவில்லை, வயிறும் இறங்கவில்லை. பிறக்க வேண்டிய மாதம் வராததால் பிள்ளை காத்துக்கொண்டிருந்தது.

கார்த்திகை போனது. மார்கழியில் ஆரம்ப சுகாதார நிலையத்து நர்சம்மா வயிற்றைத் தடவிப் பார்த்து, நாடி பார்த்து, அட்டையில் எழுதியதை மூன்று தடவை படித்துப் பார்த்தாள்.

"கணக்குல எங்கயோ தப்பு இருக்கு தையல்நாயகி. புள்ளைக்கு முப்பத்தெட்டு வாரம்தான் ஆவுது."

"போன மாசமும் முப்பத்தெட்டுன்னுதானே சொன்னீங்க?"

"ஆமா," என்றாள் நர்சம்மா. "போன மாசமும் முப்பத்தெட்டுதான்."

தாய்வீட்டுக்குப் போனால் பிறக்குமோ என்று பத்து நாள் அங்கே போய் இருந்து பார்த்தாள். மணலிக்கட்டளையில் தரித்த பிள்ளை மணலிக்கட்டளையின் மாதத்துக்குத்தான் கட்டுப்பட்டிருந்தது. கத்தி வைத்து எடுத்துவிடலாம் என்று பெரியாஸ்பத்திரியில் நாள் குறித்துக் கொடுத்தார்கள். முதல் தடவை போனபோது கரண்ட் இல்லை. இரண்டாம் தடவை போனபோது மயக்க மருந்து கொடுக்கிற டாக்டர் இல்லை. மூன்றாம் தடவை எல்லாரும் இருந்தார்கள், ஸ்கேன் எடுத்துப் பார்த்து, பிள்ளை நன்றாகத்தானே இருக்கிறது, இன்னும் நாள் இருக்கிறது, எதற்கு அவசரம், வலி வரட்டும் என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள். அதற்குப் பிறகு அவள் போகவில்லை. உட்கார்ந்தபடியே தூங்கப் பழகிக்கொண்டாள். பாதம் வீங்கி, மெட்டியைக் கழற்றி முந்தானையில் முடிந்துகொண்டாள். காலையில் ஒரு தடவை, உச்சி வெயிலில் ஒரு தடவை, மாமியார் விளக்கேற்றும்போது ஒரு தடவை பிள்ளை புரளும். அந்த மூன்று புரளலையும் பிடித்துக்கொண்டு ஒவ்வொரு நாளையும் கடந்தாள்.

கலியமூர்த்தி பிடித்துக்கொண்டது பயிரை. பாலத்தை ஒட்டி அவனுக்கு ஆறு மா, அதாவது இரண்டு ஏக்கர் நிலம். ஐப்பசி மழை இல்லாமல் குளம் குட்டை எதிலும் சொட்டில்லை, கார்த்திகை பேருக்குத் தூறிவிட்டுப் போனது, வாய்க்காலில் இருந்த கொஞ்சநஞ்சத் தண்ணீரிலும் கடல் ஏறிக்கொண்டிருந்தது. முன்பெல்லாம் வடிகால் வழியாக வயல் தண்ணீர்தான் கடலுக்குப் போகும். இப்போது கடல் அதே வடிகாலில் ஏறி ஊருக்கு வந்தது. கலியமூர்த்தி ஆயில் எஞ்சினை வாய்க்கால் கரையில் வைத்துவிட்டு, ஒரு கை தண்ணீரை அள்ளி நாக்கில் வைத்துப் பார்ப்பான். கரித்தால் துப்பிவிட்டுக் குத்துக்காலிட்டு உட்காருவான். கடல் பின்வாங்கித் தண்ணீர் கொஞ்சம் இனிக்கிற நேரம் பார்த்து எஞ்சினை இழுத்துவிடுவான். இப்படி நாக்காலேயே நான்கு மாதம் அந்தப் பயிரை வளர்த்தான். சோற்றில் உப்பு கூடுதலா குறைச்சலா என்று சொல்ல முடியாத அளவுக்கு அவன் நாக்கு மரத்துப்போயிருந்தது.

அவனைப் போலவே ஊரும் செய்தது. பாதிப் பயிர் கருகியது, பாதிப் பயிர் பிழைத்தது. பிழைத்தது ஒரு மாதம் பிந்தி, மாசி பிறந்த பிறகு முற்றிப் பழுத்தது. சுற்று வட்டார ஊர்களில் எல்லாம் தையிலேயே அறுத்துக் கரையேற்றிவிட்டார்கள், அறுவடை மெஷின்கள் எல்லாம் சேலத்துப் பக்கம் திரும்பிப் போய்விட்டன. ஊராட்சித் தலைவர் உத்திராபதி போன் மேல் போன் போட்டு, கெஞ்சி, இரண்டு மெஷினைத் திரும்ப வரவழைத்தார். மெஷின் ஊருக்குள் இறங்கிய அன்று காலையில்தான் ஐப்பசி வந்தது.

ஊருக்குக் கிழக்கே, பாலத்துக்கு அந்தப் பக்கம் வந்து நின்றது. பாலத்தின் இந்தப் பக்கம் மாசி வெயில் சுள்ளென்று அடிக்க, அந்தப் பக்கத்தில், ரோட்டை ஒட்டி, நிலத்திலிருந்து வானம் வரைக்கும் கறுத்துத் திரண்ட மேகமாக, உள்ளே மின்னிக்கொண்டும் முணுமுணுத்துக்கொண்டும் நின்றது. அதற்குள்ளிருந்து தவளைச் சத்தம் வந்தது. ஈசல் இரண்டொன்று தப்பி இந்தப் பக்கம் வந்து வெயில் பட்டுச் செத்து விழுந்தது. எப்போதோ வெடித்திருக்க வேண்டிய பட்டாசு ஒன்று உள்ளே எங்கோ நமுத்த சத்தத்தோடு வெடித்தது. பிந்தி வந்த விருந்தாளி வாசலில் நின்று கால் மாற்றிக்கொள்வதைப் போல, அழைக்காமல் உள்ளே வர அதற்குக் கூச்சமாக இருந்தது.

"இப்ப எதுக்கு வந்துச்சு இது?" என்றார் உத்திராபதி, இடுப்பில் கை வைத்துக்கொண்டு. "வந்தா மூணே நாள்ல எல்லாத்தையும் சாச்சுப்புடுமே."

பாலத்தடியிலேயே ஊர் கூடிப் பேசியது. இரண்டு மெஷினும் ஓய்வில்லாமல் ஓடினால் பதினோரு நாளில் எல்லா வயலையும் அறுத்துவிடலாம். அதுவரை அது அங்கேயே நிற்க வேண்டும். யாரும் அழைக்கக் கூடாது. அன்று மாலையே கோயில் மைக்கில் சொன்னார்கள்: ஊர்மக்கள் அனைவருக்கும் தெரிவிப்பது என்னவென்றால், அறுப்பு முடியும் வரை கிழக்கே பார்த்து யாரும் 'வா' என்றோ 'வாங்க' என்றோ சொல்லக் கூடாது.

ஊர் அதையும் பழகிக்கொண்டது. கிழக்கே மேய்கிற மாட்டைக் கூப்பிட வேண்டுமென்றால் சுற்றிக்கொண்டு போய் மறுபக்கம் நின்று கூப்பிட்டார்கள். தாய்மார்கள் பிள்ளைகளை, "இந்தப் பக்கம் ஓடு, சோறு ஆறுது" என்று விரட்டினார்கள். வாசலில் வந்து நின்ற சம்பந்திகளைக்கூட "உட்காருங்க" என்று மட்டும் சொல்லி உபசரித்தார்கள். வா வா என்று பாட்டு ஒலிக்கிற செல்போன்களை அணைத்து வைத்தார்கள். பாலத்தில் நிற்கிற பஸ்ஸில் ஆள் ஏற்றும்போது கண்டக்டர் வாய்க்குள் விசிலைக் கவ்விக்கொண்டே இருக்க வேண்டும் என்று அவருக்கும் சொல்லிவைத்தார்கள், அவரும் சரி என்றார்.

மறுநாள் உத்திராபதி கலியமூர்த்தி வீட்டுக்கு வந்தார். அவருக்கு முப்பது மா. வாசலில் நின்றபடியே மேல்துண்டை எடுத்துக் கக்கத்தில் வைத்துக்கொண்டார்; ஊரில் யாருக்கும் அவர் அப்படிச் செய்து தையல்நாயகி பார்த்ததில்லை.

"தங்கச்சி, ஒனக்குத்தான் அது வரணும்னு எனக்குத் தெரியும். தெரியாம இல்ல. பதினோரு நாளு. நாலு மாசம் தாங்குன புள்ள, இன்னும் பதினோரு நாளு தாங்கிக்கம்மா. ஊரு ஒன்னக் கேட்டுக்குது."

தையல்நாயகி வயிற்றின் மேல் கையை வைத்துக்கொண்டு கலியமூர்த்தியைப் பார்த்தாள். அவன் தரையைப் பார்த்தான். அவன் நகக்கண்ணில் வயல் சேறு வெள்ளையாக, உப்புப் பூத்துக் காய்ந்திருந்தது.

"சரிங்கண்ணே," என்றாள்.

அவர் போன பிறகு மாமியார் அமிர்தம் அடுப்படியிலிருந்து வெளியே வந்தாள். "நீ முடியாதுன்னு சொல்லியிருந்தாலும் நான் ஒன்னும் சொல்லியிருக்க மாட்டேன்."

"நெல்லு போயிருமே அத்த."

"போயிரும்தான். எனக்கு ரெண்டும் வேணும்டி. ரெண்டும் வேணும்னு சாமிகிட்டகூடக் கேக்க முடியல, கிழக்கப் பாத்த சாமி, வாய் தவறி அதே கூப்பிட்டுருச்சுன்னா."

முதல் நாள் தெற்கு வெளியில் மெஷின் ஓடியது. கீழ்க்காற்று அடிக்கும்போதெல்லாம் ஈர மண் வாசனை தெருவுக்குள் வந்தது, அந்த வாசனை பட்டதும் தையல்நாயகியின் இடுப்பில் ஒரு வலி சுருக்கென்று கிளம்பி, பாதி வழி வந்து, நின்றுகொண்டது. அவள் கதவைச் சாத்திக்கொண்டு உள்ளே இருந்தாள். பிள்ளை மூன்று தடவை புரண்டது. மூன்றாம் நாள் இரண்டு தடவைதான் புரண்டது. ஐந்தாம் நாள் ஒரு தடவை, அதுவும் தூக்கத்தில் ஒருவர் கையை நகர்த்துவதைப் போல. காத்திருந்து காத்திருந்து அதற்கு அலுத்துப்போயிருக்க வேண்டும். ஆறாம் நாள் காலையில் அது புரளவில்லை.

சர்க்கரைத் தண்ணீர் குடித்தாள். இடது பக்கமாகச் சாய்ந்து படுத்துப் பார்த்தாள். அமிர்தம் காதை வயிற்றில் வைத்துக் கேட்டாள், மறுபக்கமும் வைத்துக் கேட்டாள். உச்சி வேளை வந்தது. உச்சி வேளைப் புரளல் வரவில்லை. தையல்நாயகி எழுந்து, சுவரைப் பிடித்து நின்று, செருப்பு போடாமல் தெருவில் இறங்கிக் கிழக்கே நடந்தாள். அமிர்தம் தடுக்கவில்லை, கொடியில் கிடந்த துண்டை எடுத்து அவள் தலையில் போட்டுவிட்டாள்.

ரோட்டின் இரண்டு பக்கமும் நெல் பழுத்துத் தலை கவிழ்ந்து நின்றது. சிவபாக்கியத்தின் வயலில் மெஷின் ஓடிக்கொண்டிருந்தது. சிவபாக்கியம் தனியாள், புருஷன் போய்ப் பத்து வருடம், நான்கு மா நிலத்தைத் தானே வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தாள். தலைச்சுமை இறக்கக்கூட நேரமில்லாமல் மெஷினுக்கு முன்னால் வரப்பில் நடந்துகொண்டிருந்தவள், தையல்நாயகி போவதைப் பார்த்து நின்றுவிட்டாள். மெஷின்காரன் பார்த்தான். தூரத்தில் நின்ற நான்கைந்து பேர் பார்த்தார்கள், ஏய் ஏய் என்று சத்தம் போட்டுக்கொண்டு ஓடி வர ஆரம்பித்தார்கள். எல்லாரையும் விடப் பாலத்துக்குக் கிட்ட இருந்தவன் கலியமூர்த்தி. அடுத்த முறை அவன் வயலுக்கு என்பதால் வரப்பு மூலையை மம்பட்டியால் செதுக்கி மெஷின் இறங்க வழி செய்துகொண்டிருந்தான். மம்பட்டியைப் போட்டுவிட்டு ஓடினான்.

தையல்நாயகி பாலத்தின் நடுவில் நின்றாள். கை நீட்டினால் தொடுகிற தூரத்தில் ஐப்பசி நின்றது. அதன் குளிர் முகத்தில் அடித்தது. உள்ளே யார் வீட்டுக் கூரையிலோ தண்ணீர் சொட்டுகிற சத்தம் கேட்டது, ஈரத்தில் எரியாத அடுப்பின் புகை வந்தது, அவளுக்காகவே வைத்திருந்ததைப் போல ஒரு மாதம் முழுக்க அங்கே இருந்தது. ஒரு சொல் போதும். அவள் வாயைத் திறந்தாள். திறந்தவள் ஒரு தடவை திரும்பிப் பார்த்தாள். ஆறு மா நெல் தெரிந்தது. மிச்ச ஊரின் நெல்லெல்லாம் தெரிந்தது. கொடுத்த வாக்கு ஞாபகம் வந்தது. வயிற்றை இரண்டு கையாலும் தாங்கிக்கொண்டு, சொல்லவும் முடியாமல், திரும்பவும் முடியாமல் நின்றாள். நின்ற இடத்தில் அழுகை மட்டும் வந்தது.

பாலத்தின் மேற்குக் கோடியில் கலியமூர்த்தி வந்து நின்றான். மூச்சு வாங்கியது. மனைவியைப் பார்த்தான், அவளுக்குப் பின்னால் நின்றதைப் பார்த்தான், ஊருக்கே கேட்கும்படி அடிவயிற்றிலிருந்து கூப்பிட்டான்.

"தையலு! வா! வா!"

ஐப்பசி உள்ளே வந்தது.

ஓட வேண்டிய அவசியம் அதற்கு இல்லை. அவளைத் தாண்டி, அவனைத் தாண்டி, முதலில் அவன் வயலில் கால் வைத்து, பிறகு சிவபாக்கியம் வயலில், பிறகு தெருவில், கோயிலில், தெற்கு வெளியில் என்று முறையாக எல்லா இடத்துக்கும் போனது. அது கால் வைத்த இடத்தில் எல்லாம் அறுக்காமல் நின்ற நெல் படுத்தது. சிவபாக்கியத்தின் வயலில் பாதி அறுத்திருந்த மெஷின் சேற்றில் இறங்கி அப்படியே நின்றுபோனது. பாலத்தின் நடுவில் தையல்நாயகிக்கு, ஆறு நாளாகப் பாதி வழியில் நின்றிருந்த வலி முழுதாக வந்தது. வலியோடு பிள்ளையும் புரண்டது.

அவளை வீட்டுக்குத் தூக்கிக்கொண்டு போனார்கள். மறுநாளும் அதற்கு மறுநாளும் வலி எடுத்தும் விட்டும் இருந்தது, மழை விடாமல் இருந்தது. மூன்றாம் நாள் காலையில் பனிக்குடம் உடைந்தபோது ஆம்புலன்ஸ் பாலத்துக்கு அந்தப் பக்கமே நின்றுவிட்டுத் திரும்பிப் போனது. ரோடு அறுத்துக்கொண்டு போயிருந்தது. ஊரில் ஒரே ஒரு டிராக்டர்தான் அந்தத் தண்ணீரில் போகும். அது உத்திராபதியுடையது. போய்க் கேட்க யாருக்கும் வாய் வரவில்லை. கேட்காமலேயே அது வீட்டு வாசலில் வந்து நின்றது. டிரைவர் சீட்டில் உரச் சாக்கைத் தலையில் கவிழ்த்துக்கொண்டு அவரே உட்கார்ந்திருந்தார்.

டிரெய்லரில் வைக்கோல் பரப்பி, மேலே தார்ப்பாய் பிடித்து, தையல்நாயகியைப் படுக்கவைத்தார்கள். அமிர்தம் அவள் தலையை மடியில் வைத்துக்கொண்டாள். ரோடு அறுந்த இடம் வந்ததும் உத்திராபதி வண்டியை நிறுத்தினார். வலது பக்கம் வாய்க்கால் கரை புரண்டு ஓடியது. இடது பக்கம் அவருடைய முப்பது மா. பாதி படுத்து, பாதி இன்னும் தண்ணீருக்கு மேல் தலையைத் தூக்கிக்கொண்டு நின்ற நெல். அதன் குறுக்கே போனால் மறுபடி ரோட்டில் ஏறலாம். கலியமூர்த்தி இறங்கி வந்து அவர் பக்கத்தில் நின்றான்.

"அண்ணே, நின்னுக்கிட்டிருக்கிற கதிரு தேறும்ணே. ரெண்டு நாள்ல வெயில் வந்தா தேறும்."

உத்திராபதி அவனைப் பார்த்தார். அந்த மூன்று நாளில் முதல் தடவையாக அவனிடம் வாயைத் திறந்தார்.

"ஏறி உக்காருடா," என்றார். ஸ்டீயரிங்கை இடது பக்கம் திருப்பி, நின்ற கதிரின் மேல் டிராக்டரை இறக்கினார்.

நெல் முறிகிற சத்தம் வலிக்கு நடுவிலும் தையல்நாயகிக்குக் கேட்டது. பாலத்தைத் தாண்டியதும் சட்டென்று மழை அறுந்து மாசி வெயில் அடித்தது. சொட்டச் சொட்ட நனைந்த நான்கு பேர், காய்ந்து கிடந்த ரோட்டில் ஈரக்கோடு போட்டுக்கொண்டே சுகாதார நிலையத்துக்கு வந்து சேர்ந்ததை அங்கே இருந்தவர்கள் வேடிக்கை பார்த்தார்கள். அரைமணி நேரத்தில் பெண் குழந்தை பிறந்தது. மூன்றே நாளில் இரண்டு வாரம் ஏறியிருந்தது, நாற்பது வாரம் என்று நர்சம்மா எழுதினாள். பிறந்த குழந்தை உடனே அழவில்லை. எல்லாரையும் ஒவ்வொருவராகப் பார்த்துவிட்டுத்தான் அழுதது.

குழந்தைக்குப் பூரணி என்று பேர் வைத்தார்கள். ஐப்பசி முப்பது நாளும் இருந்து, ஒரு நாள் குறையாமல் பெய்துவிட்டுப் போனது. மறுநாள் ஊர் பங்குனியில் விழித்தது. படுத்த கதிரெல்லாம் வயலிலேயே முளைத்து, அறுப்பு முடிந்த வயல்களின் நடுவில், நாற்றங்கால் போலப் பச்சைப் பசேலென்று இருந்தது. பஸ்ஸில் போனவர்கள் எல்லாம் ஜன்னல் வழியாகப் பார்த்து, என்ன செழிப்பு என்றார்கள்.

சேதம் பார்க்க அதிகாரி ஒருவர் வந்தார். "இந்த வட்டாரத்துல மாசியில பொட்டு மழை பதிவாகலயே. மழை இல்லாம பயிரு எப்படி மூழ்கும்?"

"இது ஐப்பசி மழைங்க," என்றார் உத்திராபதி.

"ஐப்பசி பாதிப்புக்கு மனு வாங்குறது மார்கழியோட முடிஞ்சுபோச்சே," என்றார் அதிகாரி. அவரும் நல்ல மனிதர்தான். முளைத்த கதிர் ஒன்றைப் பிடுங்கிக் கொஞ்ச நேரம் கையில் வைத்துப் பார்த்துவிட்டுத்தான் போனார்.

ஊர் ஒரு முற்பகலில் கோயில் மண்டபத்தில் கூடியது. கலியமூர்த்தியை நடுவில் நிறுத்தினார்கள். பாலத்தில் என்ன நடந்தது என்று எல்லாரும் பார்த்திருந்தார்கள், ஆனாலும் அவன் வாயால் சொல்ல வேண்டும். நீ கூப்பிட்டது பொண்டாட்டியையா, மாசத்தையா? பொண்டாட்டியை என்றால் அது வாய் தவறு, விட்டுவிடலாம். அப்படித்தான் சொல்லு என்று உத்திராபதியின் முகமே அவனுக்குச் சொல்லியது.

"மாசத்தத்தான் கூப்பிட்டேன்," என்றான் கலியமூர்த்தி.

கடைசியில், தண்ணீர் முறையில் இனிமேல் அவன் வயலுக்குக் கடைசி முறை என்று முடிவு செய்தார்கள். வாய்க்கால் முடிகிற கடைமடை ஊரில் கடைசி முறை என்றால் என்ன என்று எல்லாருக்கும் தெரியும்.

குழந்தையைப் பார்க்க ஊர் வந்தது. சிலர் வரவில்லை. வந்தவர்கள் குழந்தையின் முகத்தைப் பார்த்ததும் கோபத்தை எங்கே வைப்பது என்று தெரியாமல் தவித்தார்கள். சிவபாக்கியம் ஒரு நாள் வந்தாள். குழந்தையைக் கையில் வாங்கவில்லை. குனிந்து பார்த்தாள். "நல்லா இருக்கா," என்றாள். முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு திரும்பிப் போனாள். அதற்குப் பிறகு ரோட்டில் எதிரே வந்தாலும் தையல்நாயகியிடம் அவள் பேசவில்லை.

சித்திரையில் ஒரு நாள், வயலில் முளைத்துக் காய்ந்ததை மாட்டுக்கு அறுத்துக்கொண்டிருந்தபோது தையல்நாயகி புருஷனைக் கேட்டாள்.

"என்னாங்க. நீங்க என்னத்தானே கூப்பிட்டீங்க? அப்படின்னு சொல்லியிருந்தா விட்டிருப்பாங்கள்ல?"

கலியமூர்த்தி அரிவாளை நிறுத்தவில்லை. "ஒன்னக் கூப்பிட்டேன்னு சொன்னா, நீ அங்க எதுக்குப் போனேன்னு அடுத்த கேள்வி கேப்பாங்க."

கொஞ்ச தூரம் அறுத்துக்கொண்டே போனான். அவளுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு, "ரெண்டாவது வா யாருக்குச் சொன்னேன்னு எனக்கே தெரியல தையலு," என்றான்.

கோடையில் பன்னிரண்டு குடும்பம் வீட்டைப் பூட்டிக்கொண்டு திருப்பூருக்குப் போனது. கலியமூர்த்தியும் போனான், பிள்ளைக்குப் பால் மறக்கட்டும், பிறகு வந்து கூட்டிப்போகிறேன் என்றான். தையல்நாயகி நிலத்தைச் சும்மா போட மனசில்லாமல், வெளியூரில் விதைநெல் வாங்கி, அமிர்தத்தைப் பிள்ளைக்குக் காவல் வைத்துவிட்டுத் தானே ஆறு மாவையும் விதைத்தாள். முளைத்து வந்தது. புரட்டாசியில் வாய்க்காலில் தண்ணீர் வந்தது. ஊரெல்லாம் முறை வைத்துப் பாய்ச்சி, கடைசியில் அவள் முறை வந்த அன்று தண்ணீர் நின்றுபோனது.

புரட்டாசிக்கு இன்னும் இரண்டு நாள் பாக்கி இருந்தது. அதற்குப் பிறகு எந்த மாதம் என்று ஊரில் யாரும் வாய்விட்டுச் சொல்லிக்கொள்ளவில்லை. தையல்நாயகி பூரணியை இடுப்பில் வைத்துக்கொண்டு வரப்பில் நின்றாள். பயிர் நுனி சுருண்டு கிடந்தது. பாளம் பாளமாக வெடித்த மண்ணில் உப்பு வெள்ளையாகப் பூத்திருந்தது. மேலண்டை வயல் சிவபாக்கியத்துடையது. அதில் கரண்டைக் காலளவு தண்ணீர் நின்றது. முந்தின நாள் முறையில் பாய்ச்சியது.

சிவபாக்கியம் தன் வயலில் குனிந்து களை எடுத்துக்கொண்டிருந்தாள். நிமிர்ந்தாள். பிள்ளையைப் பார்த்தாள், சுருண்ட பயிரைப் பார்த்தாள், தன் வயல் தண்ணீரைப் பார்த்தாள். நேராகக் கரைக்குப் போய் மம்பட்டியை எடுத்துக்கொண்டு வந்து, இரண்டு வயலுக்கும் நடுவிலிருந்த வரப்பில் ஓங்கி ஒரு வெட்டு வெட்டினாள். தண்ணீர் ஒரு நூலாகத் தையல்நாயகியின் வயலுக்குள் இறங்கியது. காய்ந்த மண் அதை உறிஞ்சுகிற சத்தம் கேட்டது.

"அக்கா," என்றாள் தையல்நாயகி. "உங்களுக்கே பத்தாதேக்கா."

"பத்தாதுதான்," என்றாள் சிவபாக்கியம், நிமிராமல், அடுத்த வெட்டை வெட்டினாள்.